கோட்டை மேட்டுக்கு ஒற்றைக் கையெழுத்து

அக்கா,

போன வாரம் ஆபீஸைக் காலி செய்தேன். பொன்னேரி கோர்ட்டுக்கு எதிர்ச்சந்தில், நீங்கள் மூச்சு வாங்கி மூச்சு வாங்கி ஏறி வருவீர்களே, அதே மாடிதான். வீட்டுக்காரர் மகனுக்குக் கல்யாணமாம், இடம் வேண்டுமாம். என் ஜூனியர் பெண் அலமாரியிலிருந்து பழைய கேஸ் கட்டுகளை இறக்கிக்கொண்டிருந்தாள். திடீரென்று மூக்கைப் பொத்திக்கொண்டு, "மேடம், இங்க எங்கியோ எலி செத்துக் கிடக்குது" என்றாள். போய்ப் பார்த்தேன். எலி இல்லை, உங்கள் கட்டு.

ஒவ்வொரு வாய்தாவுக்கும் காகிதங்களைச் சென்னாக்கூனிக் கருவாடு விற்கிற பையிலேயே போட்டுக்கொண்டு வருவீர்கள். வேறு பையே கிடையாதா என்று எத்தனை தடவை கத்தியிருப்பேன். "இதுல வச்சா பூச்சி அரிக்காது வக்கீலம்மா" என்பீர்கள். உண்மைதான், இத்தனை வருஷத்தில் ஒரு தாள்கூட அரிக்கவில்லை. ஐகோர்ட்டில் நீதிபதி உங்கள் அசல் பட்டாவைக் கையில் வாங்கியதும் நாற்காலியோடு பின்னால் போனார், அதுவும் உண்மைதான். கட்டைப் பிரித்து ஜன்னலோரம் வைத்துக்கொண்டு சாயங்காலம் வரை படித்தேன். ஜூனியர் ஊதுவத்தி ஏற்றி வைத்துவிட்டு வீட்டுக்குப் போய்விட்டாள்.

நான் கட்சிக்காரர்களோடு உறவு கொண்டாடுகிறவள் இல்லை. கேஸ் முடிந்தால் கட்டு அலமாரிக்குப் போகும், ஆள் ஊருக்குப் போவார். உங்களிடமும் அப்படித்தான் இருக்கப் பார்த்தேன். நீங்கள்தான் விடவில்லை.

முதல் தடவை நீங்கள் தனியாக வரவில்லை. ஊர்த்தலைவரும் அவரோடு ஏழெட்டு ஆண்களும் முன்னால் வந்து நாற்காலிகளைப் பிடித்துக்கொண்டார்கள். நீங்கள் கதவோரம் நின்றீர்கள். தலைவர் நோட்டீஸை என் மேஜையில் வைத்தார். பழவேற்காட்டில் டச்சுக்காரர்களான ஒல்லாந்தர் காலத்துக் கோட்டை இருந்த இடத்தைச் சுற்றிப் பூங்காவும், பார்வையாளர்களுக்குக் கட்டடமும், வண்டி நிறுத்த இடமும் அமைக்க நிலம் எடுக்கிறார்கள், பொது நோக்கம். கோட்டை என்று அங்கே ஒன்றும் இல்லை, புதரும் அகழியும்தான் என்பது எனக்கும் தெரியும், எழுதினவருக்கும் தெரிந்திருக்கும். அகழிக்குப் பக்கத்தில் ஏரியைப் பார்த்தாற்போல் இருந்த மணல்மேடுதான் அவர்களுக்கு வேண்டும்.

அந்த மேடு முழுக்க உங்கள் குப்பத்தாரின் பட்டா. வீட்டுக்கு ஒரு துண்டு. மழைக்காலத்தில் ஏரி பெருகினால் தண்ணீர் ஏறாத இடம் அது ஒன்றுதான். வலை காய்வதும், படகை ஏற்றிப் பழுது பார்ப்பதும், மீன் உலர்வதும் அங்கேதான். அது போனால் குப்பம் தண்ணீருக்கும் ரோட்டுக்கும் நடுவில் நிற்கும், வலையை விரிக்க இடம் இருக்காது. தலைவர் இதையெல்லாம் சொல்லி முடித்த பிறகு நான் ஒரே ஒரு கேள்விதான் கேட்டேன். ஆட்சேபணை விசாரணைக்கு யார் போனது?

எல்லோரும் திரும்பிக் கதவைப் பார்த்தார்கள். "நாந்தான் போனேன்" என்றீர்கள். அவ்வளவு பெருமையாக.

விசாரணை வைத்த நாள் உங்கள் குப்பத்துக்குப் பாடு நாள். ஏரியில் இறால் வலை போடுகிற இடங்களைக் குப்பங்கள் முறை வைத்துப் பிரித்துக்கொள்கின்றன, அதைத்தான் பாடு என்கிறீர்கள். இன்று ஒரு குப்பம், நாளை அடுத்தது. குப்பத்துக்குள் எந்த வீட்டுக்கு எந்த இடம் என்பதைச் சீட்டுக் குலுக்கி எடுப்பார்கள். முறை நாளில் போகாவிட்டால் போனது போனதுதான், யாரும் திருப்பித் தர மாட்டார்கள். ஆண்கள் தண்ணீரில், பெண்கள் கரையில் இறால் பொறுக்கக் காத்திருப்பார்கள். ஆம்பிளை இல்லாத வீட்டுக்குப் பாடு கிடையாது. புருஷனும் போய்ப் பிள்ளையும் இல்லாத உங்களுக்கு அன்றைக்கு ஏரியில் வேலையில்லை. "நீதான் சும்மா குந்திகினு கீற, நீ போய் சொல்லிட்டு வா" என்று தலைவர் அனுப்பிவிட்டார். ஊருக்காகப் பேச ஒரு பெண்ணை அனுப்பியது அதுதான் முதல் தடவை என்று நீங்கள் என்னிடம் பிற்பாடு பத்து முறையாவது சொல்லியிருப்பீர்கள்.

தாலுகா ஆபீஸ் வாசலில் மனு எழுதுகிறவரிடம் எழுதி வாங்கியிருந்தீர்கள். "நாங்கள் அனைவரும் ஆட்சேபிக்கிறோம்" என்று நன்றாகத்தான் எழுதியிருந்தார். கீழே ஒரே ஒரு கையெழுத்து, உங்களுடையது, பெரிய பெரிய எழுத்தில். விசாரணையில் இருந்த எழுத்தர் கேட்டிருக்கிறார்: "இன்னாம்மா, கையெழுத்து ஒண்ணுதான் கீது?" நீங்கள் சொன்ன பதிலை அப்படியே எனக்கு நடித்துக் காட்டினீர்கள். "நான் போட்டா ஊரே போட்டா மாதிரி சார்." அவர் தலையாட்டினாராம். தலையாட்டிவிட்டு உங்கள் பெயரையும் உங்கள் சர்வே எண்ணையும் மட்டும் எழுதிக்கொண்டார். மற்றவர்களுக்கு எதிரே 'ஆட்சேபணை இல்லை' என்று ஒரே கோடு.

உங்கள் ஊரில் அதுதான் வழக்கம். கூட்டத்தில் ஒருவர் எழுந்து பேசினால் பேச்சு முடிந்தது, இன்னொருவர் எழுந்து அதையே சொன்னால் முதலில் பேசினவரை நம்பவில்லை என்று அர்த்தம். சட்டத்தில் அப்படி இல்லை. அவரவர் நிலத்துக்கு அவரவர் ஆட்சேபணை. நான் இதைத் தலைவருக்கு இரண்டு தடவை விளக்கினேன். மூன்றாவது தடவை விளக்கும்போது என் குரல் ஏறிவிட்டது. "அது இன்னா நாயம்? ஒரு ஊருக்கு எத்தினி வாயி?" என்று அவரும் ஏறினார். நியாயம் வேறு, நிலம் எடுப்புச் சட்டத்தின் ஐந்து ஏ விசாரணை வேறு என்றேன். யாருக்கும் பிடிக்கவில்லை.

இருந்தாலும் எல்லோருக்கும் சேர்த்து ரிட் போட்டோம். உங்கள் மனுவுக்கு என்ன பதில் என்று நிலம் எடுத்த அதிகாரி ஒரு வரிகூட எழுதவில்லை, 'நிராகரிக்கப்பட்டது' என்பதோடு சரி. அது பெரிய ஓட்டை. அந்த ஓட்டை வழியாக முழுக் குப்பத்தையும் வெளியே கொண்டுவந்துவிடலாம் என்று நான் நினைத்தேன். கொஞ்சம் நம்பினேன் என்றுகூடச் சொல்லலாம்.

வாய்தாதோறும் நீங்கள் வந்தீர்கள். கும்மிடிப்பூண்டி வண்டியில் ஏறி, பீச் ஸ்டேஷனில் இறங்கி, எனக்கு முன்னால் கோர்ட் வராந்தாவில் நிற்பீர்கள். முதல் நாள் பெஞ்ச் கிளார்க்கை நீதிபதி என்று நினைத்துக் கும்பிட்டு அவரிடமே கதையைச் சொல்ல ஆரம்பித்தீர்கள். டவாலிக்காரர் அதட்டினதும் அவரோடு சண்டை. "நீ இன்னா பெரிய ஒல்லாந்து ராசாவா? செத்தவனுக்குப் பூங்கா, உசுரோட கீறவனுக்கு நோட்டீசா?" எனக்கு மானம் போயிற்று. சிரிப்பும் வந்தது, வக்கீல் கவுனை இழுத்துவிட்டுக்கொண்டு வேறு பக்கம் பார்த்தேன்.

தீர்ப்பு வந்த அன்று அரசு வக்கீல் பேசினதைவிட நீதிபதி சுருக்கமாகப் பேசினார். ஆட்சேபணை சொன்னவரின் ஆட்சேபணையைப் பரிசீலிக்கவில்லை, ஆகவே அவர் நிலத்தைப் பொறுத்தவரை எடுப்பு ரத்து. மற்றவர்கள் வாய் திறக்கவில்லை, ஒருவர் சொன்னது அவர்களுக்குச் சேராது. அவர்கள் மனுக்கள் தள்ளுபடி. அதற்குள் அடுத்த கேஸைக் கூப்பிட்டுவிட்டார்கள்.

வெளியே வந்ததும் என் கையைப் பிடித்துக்கொண்டீர்கள்.

"ஜெயிச்சோமா, தோத்தோமா?"

"நீங்க ஜெயிச்சுட்டீங்க."

"நான்னா?"

"நீங்கன்னா நீங்கதான் அக்கா. உங்க துண்டு மட்டும். மத்ததெல்லாம் போச்சு."

நீங்கள் கையை எடுத்துக்கொண்டீர்கள். பீச் ஸ்டேஷன் வரை எனக்கு முன்னாலேயே நடந்தீர்கள். வண்டியில் ஏறும்போது, "நான் எல்லாத்துக்கும்தானே போட்டேன்" என்றீர்கள், என்னைப் பார்த்து அல்ல. அப்பீலும் போட்டோம், அதுவும் அதே கதைதான்.

அதற்குப் பிறகு நடந்ததெல்லாம் நீங்கள் சொல்லித்தான் எனக்குத் தெரியும். மேட்டைச் சுற்றிக் கம்பி வேலி போட்டார்கள், நடுவில் உங்கள் துண்டையும் அதற்கு ஒரு நடைபாதையையும் விட்டு. உங்கள் நைனா உங்கள் பேரில் வாங்கின துண்டு அது, கோணல்மாணலாக, ஒரு படகும் நாலு வலையும் கொள்ளும். மீன் ஏலம் போடுகிற இடத்தில் உங்கள் நாத்தனார் எல்லோர் காதிலும் விழும்படி, "ஒத்தக் கையெழுத்து போட்டு ஒத்த எடத்த காப்பாத்திகினா பாரு, கில்லாடி" என்றாளாம். ஒருத்தியும் மறுத்துப் பேசவில்லை. அடுத்த நாள் நீங்கள் உட்காருகிற இடத்தில் வேறொருத்தி கூடையை வைத்திருந்தாள்.

எனக்கு அழுகிற கட்சிக்காரர்களைப் பிடிக்காது. அன்றைக்கு என் மேஜைக்கு முன்னால் உட்கார்ந்து நீங்கள் அழுதீர்கள். "என் தாலி போனப்பகூட ஊரு எங்கூட இருந்துச்சு வக்கீலம்மா. ஜெயிச்சுட்டு வந்தேன், யாரும் மூஞ்சி குடுக்க மாட்டேன்றாங்க." நான் டீ வரவழைத்தேன். அந்த நிலத்தையும் கொடுத்துவிடுங்கள், நஷ்ட ஈடு வாங்கிக்கொள்ளுங்கள், பேஜார் விட்டது என்று சொன்னேன். வக்கீலாக அது நல்ல யோசனைதான், இன்றைக்கும் அதையேதான் சொல்வேன். நீங்கள் டீயைக் குடித்து முடித்துவிட்டு, "உனுக்கு இன்னா தெரியும்" என்று எழுந்து போனீர்கள்.

அடுத்த தடவை வந்தபோது ஆளே வேறு. படி ஏறும்போதே சத்தம் கேட்டது. ஊர்க் கூட்டத்தில், யாரும் கூப்பிடாமல், நடுவில் போய் நின்றீர்களாம். மேட்டில் மிச்சமிருக்கிற துண்டில் இனிமேல் பாடு வைக்க வேண்டும், ஏரியில் வைப்பது மாதிரியே; சீட்டுக் குலுக்கி வீட்டுக்கு ஒரு நாள் வலை விரித்துக்கொள்ளலாம், படகு ஏற்றிக்கொள்ளலாம். தலைவர் கொஞ்ச நேரம் தாடியைச் சொறிந்துவிட்டுச் சரி என்றாராம். அப்போதுதான் நீங்கள் நிபந்தனையைச் சொன்னீர்கள். "ஏரியில ஆம்பள இல்லாத வூட்டுக்குப் பாடு இல்ல. என் மேட்டுல உண்டு. ஒத்துகினா குலுக்கு, இல்லன்னா எல்லாரும் வூட்டுக்குப் போங்க."

ஒத்துக்கொண்டார்கள், வேறு வழி? முதல் சீட்டு உங்கள் நாத்தனாருக்கு விழுந்தது என்று சொல்லி நீங்கள் சிரித்த சிரிப்பில் கீழே டைப்பிஸ்ட் மேலே எட்டிப் பார்த்தார். உங்கள் நிலத்தில் உங்களுக்கும் ஒரு நாள்தான், அதுவும் சீட்டில் கடைசியில் வந்தது. எனக்கு எரிச்சல். ஊரே புழங்கினால் நாளைக்கு அது பொது இடம் என்று அரசு சொல்லும், உங்கள் பட்டாவுக்கே வேட்டு என்று கத்தினேன். நீங்கள் பையிலிருந்து ஒரு பொட்டலம் சென்னாக்கூனியை எடுத்து மேஜையில் வைத்து, "கத்திரிக்காய் போட்டு செய்யி, நல்லா இருக்கும்" என்றீர்கள்.

பார்க்கப் போனால் நான் உங்கள் குப்பத்துக்கு வந்தது ஒரே ஒரு தடவைதான். வழியில் ஒல்லாந்தர் கல்லறைத் தோட்டத்தைக் காட்டினீர்கள். மண்டையோடு செதுக்கின கற்கள், சுற்றிச் சுவர், பூட்டின கேட். "இவங்க எடத்துக்கு யாரும் நோட்டீஸ் வுட மாட்டாங்க இல்ல?" என்றீர்கள். பாதுகாக்கப்பட்ட இடம் என்றேன். மேட்டில் அன்றைக்கு யாரோ ஒரு விதவையின் முறை. அவளிடம் வலை இல்லை, நெத்திலியைப் பரப்பிவிட்டுக் காக்காய் ஓட்டிக்கொண்டிருந்தாள். நீங்கள் அவளுக்கு ஒரு கை ஒத்தாசை செய்தீர்கள், நான் வேலிக்கு வெளியே நின்று பூங்காவுக்கு அஸ்திவாரம் போட்டுப் பாதியில் விட்டிருந்த பள்ளங்களைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

பிறகு உயில். உடம்புக்கு முடியாமல் போன பிறகு, ஒரு ஆட்டோவில் வந்து கீழேயே உட்கார்ந்துகொண்டு என்னை இறங்கி வரச் சொன்னீர்கள். நான் சட்டத்தைச் சொன்னேன்: உங்களுக்குப் பிள்ளை இல்லை, உயில் எழுதாமல் போனால் நிலம் புருஷன் வழிக்குப் போகும், அதாவது நாத்தனாருக்கு. "தெரியும். அதான் வந்தேன். எழுது" என்றீர்கள். 'ஊர் மக்களுக்குப் பொதுவாக' என்று ஆரம்பித்தேன். என் பேனாவைப் பிடித்துக்கொண்டீர்கள்.

"ஊருன்னு எழுதாத. ஊருக்கு வாய் இல்லன்னு கோர்ட்டுல சொல்லிட்டாங்க இல்ல? பேரு பேரா எழுது."

அது எவ்வளவு வில்லங்கம் தெரியுமா என்றேன். பிரிபடாத பாகம், இத்தனை பேர், நடுவில் ஒருவர் செத்தால் அவர் வாரிசு, அவர்களுக்குள் ஒருவன் விற்றால் என்ன செய்வது? எல்லாவற்றுக்கும் நீங்கள் ஆட்டோ சீட்டில் சாய்ந்தபடி தலையாட்டினீர்கள். சொல்லி முடித்ததும், "சரி, எழுது" என்றீர்கள். வீடு வீடாக, விதவைகள் வீடும் சேர்த்து, நீங்கள் பெயரைச் சொல்லச் சொல்ல எழுதினேன். நாத்தனார் பெயரைச் சொன்னபோது மட்டும் உங்களைப் பார்த்தேன். "அவளுக்கும் ஒரு நாளு கீது இல்ல" என்றீர்கள்.

மார்கழியில் நீங்கள் போய்விட்டதாகத் தலைவரின் மகன் போன் செய்தான். வேறு ஒரு கேஸில் நின்றுகொண்டிருந்தேன். போகவில்லை. கட்சிக்காரர்களின் சாவுக்கு நான் போவதில்லை.

இப்போது சொல்ல வேண்டியதைச் சொல்கிறேன். உங்கள் துண்டுக்குப் புதிதாக நோட்டீஸ் வந்திருக்கிறது, அக்கா. பாதியில் நின்ற பூங்காவை மறுபடி எடுக்கிறார்கள், நடுவில் இருக்கிற உங்கள் இடம் இடைஞ்சலாம். சட்டம் புதிது, ஆட்சேபணை மட்டும் பழையபடி ஆளாளுக்குத்தான். நேற்றுப் பொன்னேரியில் விசாரணை. நான் தலைவருக்குத் தகவல் சொன்னதோடு சரி, யாரையும் வருந்தி அழைக்கவில்லை.

எல்லோரும் வந்திருந்தார்கள். ஆண்கள், பெண்கள், தடி ஊன்றினவர்கள். அறையில் நிற்க இடமில்லாமல் வராந்தாவில் வரிசை. நேற்று ஏரியில் அவர்கள் முறையா என்று நான் கேட்கவில்லை, யாரும் சொல்லவுமில்லை. அதிகாரி சின்ன வயசு, மரியாதையான பையன். கூட்டத்தைப் பார்த்து மிரண்டுபோய், "எல்லாருக்கும் ஒரே விஷயம்தானே? யாராவது ஒருத்தர் பேசுங்க, போதும்" என்றார்.

ஒருவரும் முன்னால் வரவில்லை. தலைவர்தான் சொன்னார்: "ஒவ்வொருத்தரா எழுதிக்க சார். நாங்க இருக்கோம்."

ஒவ்வொருவராக எழுதினார்கள். பெயர், உயிலில் பாகம், ஆட்சேபணை, கையெழுத்து அல்லது கைநாட்டு. சாப்பாட்டு வேளை தாண்டிப் போயிற்று. உங்கள் நாத்தனாரின் முறை வந்ததும் அதிகாரி பேனாவை வைத்துவிட்டார். முறையான கேள்விதான் கேட்டார், நானாக இருந்தாலும் கேட்டிருப்பேன். "நீங்க இறந்தவரோட கணவர் வழி வாரிசு. உயில் செல்லாதுன்னு நீங்க எதிர்த்தா, இடம் முழுக்க உங்களுக்கே வரலாம். எதிர்க்கிறீங்களா?"

ஒளிக்க என்ன இருக்கிறது, நான் பயந்துவிட்டேன். அவள் ஒரு சொல் சொன்னால் நீங்கள் எழுதின அத்தனை பெயரும் பல வருஷம் கோர்ட்டில் தொங்கும்.

அவள் முந்தானையை இழுத்துச் செருகிக்கொண்டாள். "எனுக்கு ஒரு நாளு குடுத்துட்டுப் போயிருக்கா சார். மிச்ச நாளெல்லாம் இவங்களுது. என் ஒரு நாள நான் தர மாட்டேன். எழுதிக்க."

எழுதிக்கொண்டார். எனக்குக் கண்ணில் நீர் வந்துவிட்டது, கட்டைப் புரட்டுகிற மாதிரி குனிந்துகொண்டேன்.

முடிவு என்னாகும் என்று தெரியாது. இப்போதே தெரியும் என்று சொல்கிற வக்கீலை நான் நம்ப மாட்டேன். எல்லாம் முடிந்து கிளம்புகிற நேரத்தில் எழுத்தர், "மேடம், நீங்க யார் யாருக்கு ஆஜர்னு பேர் சொல்லிடுங்க" என்றார். வக்காலத்தைப் பார்க்காமலே சொல்ல ஆரம்பித்தேன். முதலில் உங்கள் பெயரைச் சொல்லிவிட்டேன். அவர் எழுதிவிட்டு நிமிர்ந்து, "அவங்க இறந்துட்டாங்கன்னு நீங்கதானே சர்ட்டிபிகேட் குடுத்தீங்க?" என்று கேட்டார். ஆமாம், அடித்துவிடுங்கள் என்றேன்.

"இருக்கட்டும் சார், அடிக்காத" என்றாள் நாத்தனார் பின்னாலிருந்து.

அவர் அடித்துவிட்டார், அவர் செய்தது சரி. நான் மாலை வண்டியில் வீட்டுக்கு எடுத்துக்கொண்டு போனது அந்த அடித்த பெயரைத்தான் அக்கா, இன்னும் இறக்கி வைக்கவில்லை.